தவப்பூனை முதல் டாம் பூனை வரை

மெய்ப்பாடுகள் எட்டனைக் கூறப்புகுந்த தொல்காப்பியர் நகையையே முதற்கண் வைத்தார். அழுகை முதல் உவகை ஈறாக உள்ள ஏனைய ஏழும் அதன் பின்னரே வருகின்றன. அந்நகை பிறக்கும் நிலைக்களன்கள் நான்கு என்றும் அவர் வகுத்தார். எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்பன அவை. இலக்கண நூல் ஒன்று மனிதன் எதற்குச் சிரிக்கிறான் என்று ஆராய்ந்து வகைப்படுத்தியிருப்பது நம் மொழிக்குரிய பெருமைகளுள் ஒன்று. ஆயினும் இவ்வகைப்பாட்டை நாம் தேர்வுத் தாளில் எழுதி மறந்துவிட்டோம். நாள்தோறும் நாம் சிரிக்கும் சிரிப்போடு அதனை ஒப்பிட்டுப் பார்த்தவர் சிலரே.

அவ்வாறு ஒப்பிட்டுப் பார்க்கும் எண்ணம் எனக்குத் தோன்றியது நூலகத்தில் அன்று. எல்லைப்புறத்துச் சிறு வீடு ஒன்றின் கூடத்தில். தொலைக்காட்சிப் பெட்டியில் ஒரு பூனை ஓர் எலியைத் துரத்திக்கொண்டிருந்தது. பூனையின் தலையில் இரும்புச் சட்டி விழுந்தது. சட்டியின் வடிவமே தலையின் வடிவமாயிற்று. பேரக்குழந்தைகளோடு அண்டைவீட்டு மலையாளக் குழந்தைகளும் ஒருங்கே நகைத்தனர். அருகே அமர்ந்திருந்த எண்பது வயது மூதாட்டியும் நகைத்தார். நகைத்துவிட்டு, “உச்சிக்குடுமி வாங்காத அடியையா இது வாங்கிவிட்டது?” என்றார். அந்த ஒரு வினாவே இக்கட்டுரைக்கு வித்து.

கல்லில் நின்ற பூனை

பூனையும் எலியும் நகைச்சுவைக்குரிய இணை என்பதைத் தமிழகம் அமெரிக்காவிடமிருந்து கற்றுக்கொள்ளவில்லை. மாமல்லபுரத்துப் பெரும்பாறைச் சிற்பத்தைக் கண்டவர்கள் இதனை அறிவர். ஏழாம் நூற்றாண்டில் பல்லவர் காலத்துச் சிற்பிகள் செதுக்கிய அப்பாறையில் தேவரும் முனிவரும் யானைகளும் நாகரும் நிறைந்துள்ளனர். நடுவே என்பும் தோலுமாக ஒரு தவசி ஒற்றைக்காலில் நின்று கைகளை உயர்த்தித் தவம் புரிகின்றார். சற்றுக் கீழே, யானைகளின் அருகில், ஒரு பூனையும் அதேபோல முன்னங்கால்களை உயர்த்தி நின்று தவம் புரிகின்றது! அதன் காலடியில் எலிகள் அச்சமின்றித் திரிகின்றன.

இக்கதை வியாச பாரதத்து உத்தியோக பருவத்தில் வருவது. துரியோதனன் உலூகன் வாயிலாகப் பாண்டவர்க்கு அனுப்பிய செய்தியில், தருமனை இகழ்வதற்காக இதனைச் சொல்லி அனுப்புகின்றான். கங்கைக் கரையில் தவவேடம் பூண்ட பூனையை நம்பி எலிகள் அடைக்கலம் புகுந்தன. எலிகளின் தொகை நாளுக்கு நாள் குறைந்தது. பூனையின் உடல் நாளுக்கு நாள் பருத்தது. உருத்திராட்சப் பூனை என்று நாம் இன்றும் போலித் துறவியைச் சுட்டுவது இத்தகைய கதைமரபின் எச்சமே.

இங்கே நாம் கருத வேண்டியது ஒன்று உண்டு. சிற்பி அப்பூனையை எங்கோ ஒரு மூலையில் தனியே செதுக்கவில்லை. மெய்த்தவசி நிற்கும் அதே நிலையில், அவர் இருக்கும் அதே பாறையில் நிறுத்தினான். பெரியதொன்றைப் பார்த்த கண் உடனே சிறியதொன்றிலும் அதனையே பார்க்கும்போது நகை பிறக்கின்றது. ஒரு செயலை மீண்டும் செய்துகாட்டல், சற்றே மாற்றிச் செய்துகாட்டல் என்பதே நகைச்சுவையின் பழம்பெரும் உத்தி. அதனைப் பல்லவச் சிற்பி அறிந்திருந்தான்.

நம் பழமொழிகளும் இவ்விணையை விட்டுவைக்கவில்லை. பூனைக்குக் கொண்டாட்டம், எலிக்குத் திண்டாட்டம் என்கிறோம். பூனைக்கு யார் மணி கட்டுவது என்று வினவுகிறோம். எலி வளையானாலும் தனி வளை வேண்டும் என்கிறோம். இம்மூன்றாம் பழமொழி நம்மைப்போல் பிறந்த மண்ணைவிட்டுப் பெயர்ந்து வாழ்வோர்க்கு வெறும் பழமொழியன்று. அதனைப் பின்னர்க் காண்போம்.

அமெரிக்கப் பூனையின் பிறப்பு

1940-ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் மெட்ரோ கோல்ட்வின் மேயர் நிறுவனம் ‘பஸ் கெட்ஸ் தி பூட்’ என்னும் சிறு படத்தை வெளியிட்டது. அதனைப் படைத்தவர்கள் வில்லியம் ஹன்னா, ஜோசப் பார்பரா என்னும் இளைஞர் இருவர். அப்படத்தில் பூனையின் பெயர் ஜாஸ்பர். எலிக்குத் திரையில் பெயரே இல்லை. 1941-இல் வந்த இரண்டாம் படத்திலேதான் டாம், ஜெர்ரி என்னும் பெயர்கள் நிலைபெற்றன. 1958 வரை இவ்விருவரும் 114 படங்களைப் படைத்தனர். அவற்றுள் ஏழு ஆஸ்கார் பரிசு பெற்றன. பின்னர் ஜீன் டைச் என்பவர் செக்கோஸ்லோவாக்கியாவின் பிராகு நகரிலிருந்து 13 படங்களும், சக் ஜோன்ஸ் என்பவர் 1963 முதல் 1967 வரை 34 படங்களும் உருவாக்கினர்.

ஒரு படம் ஓடுவது ஏறத்தாழ ஏழு நிமிடம். விநாடிக்கு 24 படச்சட்டங்கள் எனக் கொண்டால் பத்தாயிரத்துக்கும் மேற்பட்ட சட்டங்கள் ஒரு படத்துக்கு வேண்டும். கதையை வரைந்து அமைப்பதில் பார்பரா வல்லவர். எந்த அடி எந்தக் கணத்தில் விழவேண்டும் என்று காலத்தை அளந்து கூறுவதில் ஹன்னா வல்லவர். டாம் அடிபடும்போது எழுப்பும் அலறல் பெரும்பாலும் ஹன்னாவின் சொந்தக் குரலே. ஸ்காட் பிராட்லி அமைத்த இசை ஒவ்வோர் அடிக்கும் ஒவ்வொரு வீழ்ச்சிக்கும் தாளம்போல் பொருந்தி நிற்கும். பாத்திரங்கள் இரண்டும் அரிதாகவே பேசும். அதனால் மொழி அறியாக் குழந்தையும் அதனைக் கண்டு சிரிக்கின்றது. தமிழ்க் குழந்தையும் மலையாளக் குழந்தையும் ஒரே கணத்தில் சிரிக்கின்றனர்.

முதற்படத்தின் கதை மிக எளியது. இன்னும் ஒரு பொருளை உடைத்தால் வீட்டைவிட்டு வெளியேற்றிவிடுவேன் என்று பணிப்பெண் பூனையை எச்சரிக்கின்றாள். அவ்வெச்சரிக்கையைக் கேட்டிருந்த எலி ஒரு கண்ணாடிக் குவளையைத் தூக்கிப்பிடித்துக்கொண்டு, கீழே போட்டுவிடுவேன் என்று பூனையை மிரட்டுகின்றது. வலிமையுள்ளவனை அடக்க அவனுக்கு மேலுள்ளவனின் சட்டத்தையே எளியவன் கருவியாக்கிக் கொள்கின்றான். முடிவில் பூனை வெளியே தள்ளப்படுகின்றது. எலி தன் வளைவாயிலில் ‘இனிய இல்லம்’ என்னும் பொருள்பட ஒரு பலகையை நாட்டுகின்றது. எலி வளையானாலும் தனி வளை என்னும் நம் பழமொழிக்கு இதனினும் சிறந்த உரை வேண்டுமோ?

நால்வகை நகை

இனி, இப்படங்களில் மீண்டும் மீண்டும் வரும் நகைத்துணுக்குகளைத் தொல்காப்பியர் வகுத்த நான்கு நிலைக்களன்களில் வைத்துப் பார்ப்போம்.

முதலாவது எள்ளல். தான் பிறரை எள்ளி நகுதலும் பிறரால் எள்ளப்பட்டுத் தான் நகுதலும் ஆகிய இரண்டும் இதன்பாற்படும் என்பர் உரைகாரர். பூனையின் வாலை வேறொரு பொருளென எண்ணும்படி அதன் கையிலேயே எலி கொடுத்துவிடும். பூனை தன் வாலையே தானே நசுக்கும். எலி சிறிது தொலைவில் நின்று கைகொட்டும்.

இரண்டாவது இளமை. பூனையின் உள்ளங்கையளவே உள்ள ஜெர்ரி, பொம்மை வீட்டுக் கட்டிலில் உறங்குவதும், நூற்கண்டைச் சக்கரமாக உருட்டுவதும், பாலாடைத் துண்டைத் தன்னினும் பெரிதாகச் சுமப்பதும் நம்மை நகைக்கச் செய்கின்றன. 1943-இல் வெளிவந்து தொடரின் முதல் ஆஸ்கார் பரிசைப் பெற்ற ‘தி யாங்கி டூடில் மவுஸ்’ படத்தில் நிலவறையில் உள்ள பண்டங்களே போர்க்கருவிகள் ஆகின்றன. முட்டை எறிகுண்டாகின்றது. உலகப்போர் நடந்த காலம் அது. பெரியோர் நடத்திய கொடிய ஆட்டத்தைச் சிறுவர் விளையாட்டாகச் சுருக்கிக் காட்டியதே அதன் சுவை.

மூன்றாவது பேதைமை, அறிவின்மை. 1944-இல் வெளிவந்த ‘மவுஸ் டிரபிள்’ இதற்குத் தக்க சான்று. எலி பிடிப்பது எப்படி என்று கற்பிக்கும் நூல் ஒன்றை டாம் வரவழைக்கின்றது. ஒவ்வோர் அதிகாரமாகப் படித்து அதன்படி செய்கின்றது. ஒவ்வொரு முறையும் பொறியில் சிக்குவது எலியன்று, பூனையே. தலைமயிர் போய்ப் பொய்மயிர் சூட்டிக்கொள்ளும் நிலை வருகின்றது. இறுதியில் வெடிமருந்து வெடித்து, மேகத்தின்மீது ஏறி வானுலகு செல்கின்றது. ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்று நம் முன்னோர் ஒரு வரியில் சொன்னதை அமெரிக்கர் ஏழு நிமிடத்தில் வரைந்துகாட்டினர்.

நான்காவது மடன். இதுவே கருதத்தக்கது. பேதைமைக்கும் மடனுக்கும் வேறுபாடு என்ன? பேதைமை அறியாமை. மடனோ, ஒன்றைக் கொண்டால் கொண்டதை விடாமை. டாம் பூனைக்கு உண்ணப் பாலும் உறங்க மெத்தையும் உண்டு. எலியைப் பிடிக்காவிட்டால் அது பட்டினி கிடக்கப் போவதில்லை. ஆயினும் விடுவதில்லை. மண்வாரியின் பல்லில் கால்வைத்துக் கழியால் முகத்தில் அடிபடுகின்றது. அடுத்த படத்திலும் கால்வைக்கின்றது. கதவுக்குப் பின்னே நசுங்கித் தகடாகின்றது. மறுகணம் உப்பி எழுகின்றது. ‘குவையட் பிளீஸ்’ என்னும் 1945-ஆம் ஆண்டுப் படத்தில், இனி ஓர் ஓசை கேட்டாலும் தோலை உரித்துவிடுவேன் என்று சொல்லி நாய் உறங்கப் போகின்றது. எலி வேண்டுமென்றே ஓசை எழுப்ப, பூனை ஒவ்வோர் ஓசையையும் ஓடி ஓடித் தடுக்கின்றது. அப்போதும் எலியைத் துரத்துவதை மட்டும் விடவில்லை!

அடி மீண்டும் மீண்டும் வருவதால் சலிப்பு உண்டாக வேண்டும் அன்றோ? உண்டாவதில்லை. அடி விழும் என்பது நமக்குத் தெரியும், பூனைக்குத் தெரியாது. எப்போது விழும், எவ்வழியே விழும் என்பதை எதிர்நோக்கியே நாம் அமர்ந்திருக்கிறோம். மடனுடையவனைக் கண்டு நாம் சிரிப்பது அவன் நம்மினும் வேறானவன் என்பதால் அன்று. நாமும் ஏதோ ஒன்றைக் கொண்டு விடாதவர்களே என்பதால்தான்.

நம் திரைப்படத்திலும் இதற்குச் சான்று உண்டு. 1989-இல் வெளிவந்த ‘கரகாட்டக்காரன்’ படத்தில் கவுண்டமணியும் செந்திலும் நடித்த வாழைப்பழக் காட்சியை அறியாத தமிழர் இலர். இரண்டு பழம் வாங்கிவரச் சொன்னவனிடம் ஒன்றைக் கொடுத்துவிட்டு, மற்றொன்று எங்கே என்று எத்தனை முறை கேட்டாலும் ஒரே விடையைச் செந்தில் சொல்வார். கொண்டது விடாமை என்பதற்கு இதனினும் தெளிவான எடுத்துக்காட்டைப் பேராசிரியரும் தந்திருக்க இயலாது.

கழியும் ஓசையும்

அடித்துச் சிரிக்கவைக்கும் கலைக்கு ஐரோப்பாவில் நெடிய வரலாறு உண்டு. இத்தாலிய நாட்டுப்புற நாடகக் கோமாளி இரண்டு மெல்லிய மரப்பட்டைகளைச் சேர்த்துக் கட்டிய கழி ஒன்றை ஏந்தியிருப்பான். மெல்லத் தட்டினாலும் பட்டைகள் ஒன்றோடொன்று மோதிப் பேரோசை எழும், அடிபட்டவனுக்கோ வலிக்காது. அக்கழிக்கு ஆங்கிலேயர் இட்ட பெயரே பின்னர் இவ்வகை நகைச்சுவை முழுவதற்கும் பெயராயிற்று. இலண்டன் மாநகரில் 1662-ஆம் ஆண்டு மே 9-ஆம் நாள் இத்தாலியப் பாவையாட்டம் ஒன்றைக் கண்டதாகச் சாமுவேல் பீப்ஸ் தம் நாட்குறிப்பில் எழுதியுள்ளார். அதிலிருந்து வளர்ந்த பஞ்ச் என்னும் பாவை இன்றளவும் கழியும் கையுமாகத்தான் தோன்றுகின்றது.

ஓசை பெரிது, வலி இல்லை என்பதே இக்கலையின் மறைபொருள். இதனை நம் பாவைக்கூத்தரும் அறிந்திருந்தனர். ஆந்திரத்துத் தோல்பாவையாட்டத்தில் போர்க்காட்சி வரும்போது ஆட்டுவோர் மரப்பலகையைக் காலால் மிதித்து அடியின் ஓசையை எழுப்புவர். அங்கே சுட்டு, அதாவது குடுமி, என்னும் சொல்லையே பெயரில் தாங்கிய சுட்டுப்போலிகாடு என்னும் கோமாளி உண்டு. சாவகத்தில் செமாரும் அவன் மக்களும் உளர். துருக்கியில் கரகோசும் ஹசிவாத்தும் என்னும் இணை உண்டு. நிழல் விழும் இடமெல்லாம் கோமாளியும் உடன் வந்திருக்கின்றான்.

தமிழகத்துத் தோல்பாவைக்கூத்தில் அவ்விணை உச்சிக்குடுமியும் உளுவத்தலையனும் ஆவர். இக்கூத்தை நடத்துவோர் வீட்டில் மராத்தி பேசும் குடும்பத்தினர். தஞ்சையில் மராத்தியர் ஆட்சி ஏற்பட்ட பின்னர் இங்குப் பரவியோர் எனக் கருதப்படுவர். அ. கா. பெருமாள் போன்ற நாட்டார் வழக்காற்று ஆய்வாளர் இக்கலைஞரிடையே நெடுங்காலம் பழகி இவர்தம் கலையைப் பதிவு செய்துள்ளனர். பல இரவுகள் நிகழும் இராமகாதையின் இடையிடையே இவ்விருவரும் புகுந்து, ஒருவரை ஒருவர் ஏய்த்து, அடித்து, உருண்டு, ஊர்ச் செய்திகளையும் கேலி செய்வர். அனுமன் தூது செல்லும் அதே திரையில்தான் இவர்களும் உதைபடுகின்றனர். மெய்த்தவசியின் அருகே பூனை நின்ற அதே இலக்கணம்!

நிழற்பாவைக்கும் திரைச்சித்திரத்துக்கும் உள்ள உறவு வெறும் உவமையன்று. செருமானியப் பெண்மணி லோட்டே ரைனிகர் கறுப்புத் தாளைக் கத்தரித்து மூட்டுகள் இணைத்த நிழலுருவங்களைக் கொண்டு 1926-இல் ‘இளவரசர் அகமதின் சாகசங்கள்’ என்னும் முழுநீளப் படத்தை உருவாக்கினார். இன்று கிடைப்பனவற்றுள் மிகப் பழைய முழுநீளச் சித்திரப்படம் அதுவே. பாவைக்கூத்தின் திரையே சித்திரப்படத்தின் தொட்டில்களுள் ஒன்று எனத் துணிந்து கூறலாம்.

பாலக்காட்டுக் கூத்துமாடம்

நாம் வாழும் இவ்வெல்லைப்புறத்திலேயே அத்தொட்டில்களுள் ஒன்று இன்றும் ஆடிக்கொண்டிருக்கின்றது என்பதை நம்மில் எத்தனை பேர் அறிவோம்? பாலக்காட்டிலும் அதனைச் சூழ்ந்த பகுதிகளிலும் உள்ள பகவதி கோயில்களில் தோல்பாவக்கூத்து நிகழ்கின்றது. அதற்கெனக் கோயிற்புறத்தே கூத்துமாடம் என்னும் நிலையான அரங்கம் கட்டப்பட்டிருக்கும். வெண்திரைக்குப் பின்னே 21 விளக்குகள் வரிசையாக எரியும். காளி தாரகனோடு போர்புரிந்தமையால் இராம இராவணப் போரைக் காண இயலவில்லை என்றும், அவள் காணும்பொருட்டே இக்கூத்து ஏற்பட்டது என்றும் மரபு கூறும்.

அங்கே பாடப்படுவது எது? கம்பராமாயணம். கேரள மண்ணில், மலையாள நாட்டுக் கோயிலில், நள்ளிரவில், கம்பன் கவி பாடி உரை விரிக்கப்படுகின்றது. பாடுவோர்க்குப் புலவர் என்பதே பட்டம். அமெரிக்க ஆய்வாளர் ஸ்டுவர்ட் பிளாக்பர்ன் 1996-இல் வெளியிட்ட தம் நூலில், பார்வையாளர் எவரும் இன்றியே பல இரவுகள் இக்கூத்து நிகழ்வதைக் குறித்துள்ளார். காண்பதற்குத் தெய்வம் ஒன்றே போதும் என்னும் உறுதியோடு புலவர்கள் தம்முள் வினவியும் விடையிறுத்தும் விடியும்வரை பாடுகின்றனர். இம்மரபில் வந்த இராமச்சந்திர புலவருக்கு 2021-ஆம் ஆண்டுக்கான பத்மஸ்ரீ விருது அறிவிக்கப்பட்டது. கோயிலுக்கு வெளியே காந்தியடிகளின் வாழ்வையும் பாவைகளில் காட்டியவர் அவர்.

இக்கூத்துமாடத்தில் உச்சிக்குடுமி போன்ற உதைபடும் கோமாளிக்கு இடம் மிகுதியில்லை. பாவைகளுக்குப் பெரும்பாலும் ஒரு கை மட்டுமே அசையும். சுவை சொல்லிலும் உரையிலும்தான். ஆனால் பாலக்காட்டு மண் நகைக்குப் பஞ்சமான மண் அன்று. கூத்துமாடத்துக்கு வெளியே, வயல்வெளியில், பொறாட்டு நாடகம் உண்டு. பாணர் மரபினர் பேணிவரும் இக்கலையில் தமிழும் மலையாளமும் பிரிக்கவொண்ணாமல் கலந்து வரும். வினவுவோன் ஒருவன் மேடையில் நின்று, வரும் பாத்திரங்களையெல்லாம் குறுக்குக் கேள்வி கேட்டு மடக்குவான். குறவனும் குறத்தியும் பிறரும் அவனுக்குச் சொல்லால் அடி கொடுப்பர். ஆலத்தூர், சித்தூர் வட்டங்களில் நிகழும் கண்யார்களியிலும் பொறாட்டு என்னும் பகுதி நகைக்கெனவே அமைந்தது.

துள்ளற்கலையின் தந்தை குஞ்சன் நம்பியார் பிறந்ததும் இம்மாவட்டத்துக் கிள்ளிக்குறிச்சிமங்கலமே. 18-ஆம் நூற்றாண்டினரான அவர், சாக்கியார் கூத்துக்கு மிழாவு கொட்டிக்கொண்டிருந்தபோது கண்ணயர்ந்தார் என்றும், சாக்கியார் அவையறிய அவரை எள்ளினார் என்றும், அந்த எள்ளலுக்கு மறுமொழியாகவே துள்ளலைப் படைத்தார் என்றும் கூறுவர். எள்ளப்பட்டவன் எழுந்து நின்று ஊரையே சிரிக்கவைத்த வரலாறு அது.

எவரைப் பார்த்துச் சிரிக்கிறோம்?

இங்கே ஒரு கசப்பான உண்மையையும் சொல்லியாக வேண்டும். அடியும் எள்ளலும் எப்போதும் தீங்கற்றவை அல்ல. டாம், ஜெர்ரி படங்களின் தொடக்க காலத்தில் வரும் பணிப்பெண் கறுப்பின மக்களை இழிவாகச் சித்திரித்த பாத்திரம் எனக் கண்டனம் எழுந்தது. 1952-க்குப் பின் அப்பாத்திரம் இடம்பெறவில்லை. வெடி வெடித்ததும் பூனையின் முகம் கரிபடிந்து கறுப்பின மக்களைக் கேலி செய்யும் உருவமாக மாறும் துணுக்கும் பல படங்களில் மீண்டும் மீண்டும் வந்தது. வரைந்தவர்களுக்கு அது வெறும் நகை. அந்நிறத்தோடு பிறந்த குழந்தைக்கு அது என்னவாக இருந்திருக்கும்?

இவ்வினாவுக்கு விடைகாண எல்லைப்புறத் தமிழர் நெடுந்தொலைவு செல்ல வேண்டியதில்லை. மலையாளத் திரைப்படங்கள் சிலவற்றில் தமிழ்த் தொழிலாளி நகைப்புக்குரியவனாகவே வருவான். தமிழ்த் திரைப்படங்களில் மலையாளத் தேநீர்க்கடைக்காரர் அவ்வாறே வருவார். இருபுறமும் பிழை உண்டு. நான் சிறுவனாகப் பயின்ற பள்ளி ஒன்றில் என் பெயரைச் சொல்லி எவரும் அழைத்ததில்லை. ‘பாண்டி’ என்றே அழைத்தனர். என் மலையாளத்தில் தமிழ் ஓசை ஏறிவரும்போதெல்லாம் வகுப்பு சிரிக்கும். ஒருநாள், அழுகையை அடக்கிக்கொண்டு, ஆசிரியர் பேசுவதைப்போலவே தூய மலையாளத்தில் பேசிக் காட்டினேன். முதலில் சிரித்தவர்களே கைதட்டினர். அன்று முதல் எனக்குப் பெயர் கிடைத்தது. எலி குவளையைத் தூக்கிப்பிடித்த கதை எனக்கு ஏன் பிடிக்கும் என்பதை இனி விளக்க வேண்டியதில்லை.

ஆகவே அடிதடி நகைச்சுவையை அளக்கும் அளவுகோல் ஒன்று நம்மிடம் இருத்தல் வேண்டும். அடி மேலிருந்து கீழே விழுகின்றதா, கீழிருந்து மேலே எழுகின்றதா? வலியவன் எளியவனை அடித்து, அவையோர் சிரித்தால், அது நகையன்று, இழிவு. எளியவன் தன் அறிவால் வலியவனைச் சறுக்கி விழச்செய்தால் அச்சிரிப்பில் அறம் உண்டு. டாம் எத்தனை முறை அடிபட்டாலும் நாம் மனம் நோவதில்லை. ஜெர்ரி ஒருமுறை நசுங்கினால் குழந்தை சிரிப்பதை நிறுத்திவிடுகின்றது. அறத்தைக் குழந்தையே அறிந்திருக்கின்றது. நாகர்கோவிலை அடுத்த ஒழுகினசேரியில் 1908-இல் பிறந்து, திருவிதாங்கூர் மண்ணின் பிள்ளையாக வளர்ந்த கலைவாணர் என். எஸ். கிருஷ்ணன் எளியோரை இழிவுபடுத்தாமல் மூடப்பழக்கங்களையே எள்ளினார். 1957-இல் மறைந்த அவரை இன்றும் நாடு நன்றியோடு நினைப்பது அதனாற்றான்.

தனி வளை

1877-இல் பூஞ்ஞாறு அரசரிடமிருந்து ஜான் டேனியல் மன்றோ கண்ணன்தேவன் மலைகளைக் குத்தகைக்குப் பெற்றார். பின்னர் அங்குத் தேயிலை பயிராயிற்று. போடிநாயக்கனூர்ப் பக்கத்திலிருந்து மலையேறிய தமிழர் காட்டைத் தோட்டமாக்கினர். 1956-ஆம் ஆண்டு நவம்பர் முதல் நாள் மாநிலங்கள் திருத்தியமைக்கப்பட்டபோது தேவிகுளமும் பீர்மேடும் சித்தூரும் கேரளத்தில் அமைந்தன. எல்லைக்கோடு நகர்ந்தது, மக்கள் நகரவில்லை. தோட்டத்து லயங்களில் தலைமுறை தலைமுறையாக வாழ்ந்தும், பணி ஓய்வு பெறும் நாளில் அவ்வீட்டை ஒழித்துக் கொடுத்துவிட்டு இறங்க வேண்டியவர் பலர். எலி வளையானாலும் தனி வளை என்னும் சொல் அவர்கள் நெஞ்சில் பழமொழியாக இல்லை, வேட்கையாக இருக்கின்றது.

அவ்வீடுகளில் வளரும் குழந்தைகள் வீட்டில் ஒரு மொழியும் பள்ளியில் ஒரு மொழியும் தேர்வில் ஒரு மொழியும் பயில்கின்றனர். சொல் இல்லாத பூனையும் எலியும் அவர்களுக்கு எளிய துணை. அத்துணையை நாம் பறிக்க வேண்டியதில்லை. ஆனால் சொல்லில்லாச் சிரிப்பு மட்டுமே எஞ்சினால், மொழி தன் சிரிப்பை இழந்துவிடும். அழுவதற்கு மட்டும் தாய்மொழியும் சிரிப்பதற்குப் பிறமொழியும் என்றாகிவிட்ட குடும்பத்தில் தாய்மொழி நெடுநாள் தங்காது.

எனவே நம் சங்கத்துக் குடும்பங்களை நான் வேண்டிக்கொள்வது பெரிதன்று. தை முதல் வைகாசி வரையிலான கூத்துக்காலத்தில் ஓர் இரவேனும் குழந்தைகளை அழைத்துக்கொண்டு பாலக்காட்டுக் கூத்துமாடம் ஒன்றின் முன் சென்று அமருங்கள். கம்பன் சொல் அவர்கள் செவியில் விழட்டும். திரைக்குப் பின்னே விளக்கையும் பாவையையும் காட்டி, நீ வீட்டில் காணும் பூனைக்கு இதுவும் ஒரு மூதாதை என்று சொல்லுங்கள். அடுத்த விடுமுறையில் மாமல்லபுரம் சென்றால் யானைகளை மட்டும் காட்டித் திரும்பாமல், தவம் புரிந்து நிற்கும் அப்பூனையையும் காட்டுங்கள். உச்சிக்குடுமியின் கதை தெரிந்த முதியோர் வீட்டில் இருந்தால், அவர்கள் சொல்லக் கேட்டு எழுதிவையுங்கள்.

அன்று அக்கூடத்தில் வினா எழுப்பிய மூதாட்டி இன்று இல்லை. அவர் சொன்ன உச்சிக்குடுமிக் கதைகளுள் மூன்றை மட்டுமே நான் எழுதிவைத்தேன். இன்னும் பல இருந்தன. தொலைக்காட்சியில் பூனை இன்றும் அடிபட்டு எழுந்து மீண்டும் ஓடுகின்றது. கொண்டது விடாமை நகைக்குரியது என்றார் தொல்காப்பியர். மொழியைப் பொறுத்தவரை அந்த மடன் நமக்கு வேண்டும்.